மாதாவுக்கு உடம்பு எங்கே?

பிள்ளைகளா, உங்கள் மாமா எந்த மரக்கட்டைக் குவியலைப் பார்த்தாலும் உட்காராமல் நின்றுகொண்டே டீ குடிக்கிறானே, அது ஏன் என்று என்னைத் துளைத்துக்கொண்டே இருக்கிறீர்கள். அவனைக் கேட்டால் சிரித்து மழுப்பிவிடுவான். அதனால் நான் எழுதி வைக்கிறேன். பத்தாவதோடு நின்றவன் எழுதுகிறேன், முன்னே பின்னே இருந்தால் நீங்களே சரியாக்கிப் படித்துக்கொள்ளுங்கள்.

போன வருடம் ஐப்பசி மழைக்கு நடுவில் வானம் கொஞ்சம் வெளுத்திருந்த ஒரு நாள். இடம், பருத்திப்பட்டு ஏரிக்குப் பக்கத்தில் புதிதாகக் கட்டிய ஒரு அடுக்குமாடிக் குடியிருப்பு. அன்று காலை வெள்ளானூரில் நம் தெரு அம்மன் கோயிலுக்குப் பின்னாலிருக்கும் தகரக் கொட்டகையிலிருந்து பைக்கை எடுத்தேன். நம் வீட்டில் வண்டி நிறுத்த இடமில்லாததால் அங்கேதான் நிறுத்துகிறேன், உங்களுக்கே தெரியும். மழைக்கோட்டை அங்கே சாத்தியிருக்கும் மூங்கிலில் மாட்டி வைப்பதும் என் பழக்கம். மழை இல்லையே என்று கோட்டை அங்கேயே விட்டுவிட்டுக் கிளம்பினேன்.

வீட்டுச் சாமான்களைக் கட்டி ஏற்றி, இன்னொரு ஊரில் கொண்டுபோய் இறக்கும் கம்பெனியில் நான் வேலை செய்கிறேன் என்று உங்களுக்குத் தெரியும். அன்றைக்கு வந்த சுமை கோவாவிலிருந்து. அங்கே ஒரு பழைய வீட்டை விற்றுவிட்டார்கள். அந்த வீட்டின் மகள் இங்கே சாஃப்ட்வேர் வேலை பார்க்கிறவர். காலேஜ் படிக்க மெட்ராஸ் வந்து இங்கேயே தங்கிவிட்டதால் நம்மைப் போலவே தமிழ் பேசுவார். வீட்டில் எல்லாவற்றையும் விற்றாலும், தலைமுறை தலைமுறையாக அவர்கள் கும்பிட்ட, மகனுக்காகத் துக்கப்படும் வியாகுல மாதா சிலையை மட்டும் தன்னோடு வைத்துக்கொள்ள வரவழைத்தார். அவருடைய அம்மா இறந்து ஒரு வருடம் ஆகிறதாம். மறுநாள் வீட்டில் ஜெபம். அதற்கு மாதா வந்து நிற்க வேண்டும். அந்தப் பெட்டியோடு கோவாவிலிருந்து லாரியில் கூடவே வந்தவன் என் மச்சான், உங்கள் மாமா.

ஆளுயரப் பெட்டி. ஹாலில் படுக்க வைத்து நானும் அவனும் மூடியைப் பெயர்த்தோம். வீட்டுக்கார அம்மா செருப்பைக் கழற்றிவிட்டுக் கைகூப்பி நின்றார். வைக்கோலை விலக்கினால் முதலில் ஒரு கட்டம் போட்ட துண்டு. அதைப் பிரித்ததும் நான் கையை இழுத்துக்கொண்டேன். உள்ளே ஒரு முகம். கழுத்தோடு அறுத்து வைத்தது போல ஒரு பெண்ணின் முகம். கண்ணாடியில் செய்த கண்கள், நிஜ முடி. கன்னத்தில் கண்ணாடித் துளியாகக் கண்ணீர் ஒட்டியிருந்தது. தலை ஒரு பக்கமாகத் திருகிக்கொண்டிருந்தது, கழுத்து முறிந்தவர் மாதிரி. நம் கோயில் சிலைகள் நேராக நம்மைப் பார்க்குமே, இது எங்கேயோ மேலே பார்த்தது, வாய் பாதி திறந்திருந்தது. இப்போது பேசும், இப்போது பேசும் என்று தோன்றியது.

அப்புறம் இரண்டு கைகள், முழங்கை வரைக்கும். விரல் நகம்கூட வரைந்திருந்தார்கள். அப்புறம் ஒன்றுமில்லை. வைக்கோலும், கயிற்றால் கட்டிய நீலச் சட்டங்களும், ஒரு மரவளையமும்தான். எங்கள் வேலையில் ஒரு முறை உண்டு. பெட்டி திறந்ததும் பேக்கிங் கட்டை, வைக்கோல், ஆணி எல்லாவற்றையும் உடனே லாரிக்கு எடுத்துப் போய்விட வேண்டும். வீட்டுக்காரர் காலில் ஆணி குத்தக்கூடாது. கட்டையும் குடோனில் அடுத்த பெட்டிக்கு ஆகும். மச்சான் அதன்படி எல்லாவற்றையும் அள்ளிக்கொண்டு போய் லாரியில் போட்டுவிட்டு வந்தான்.

அவன் திரும்பி வந்தபோது அந்த அம்மா காலிப் பெட்டிக்குள் பார்த்துக்கொண்டிருந்தார்.

"அண்ணா, மாதாவோட உடம்பு எங்க?"

"இவ்ளோதான் மேடம் வந்துது."

"என்னண்ணா சொல்றீங்க? எங்க மாதா என்னை விட உயரம். நான் பொறந்ததுல இருந்து பார்க்கிறேன். கறுப்பு வெல்வெட் கட்டிட்டு நிப்பாங்க. தலையும் கையும் மட்டும் எப்படி வரும்?"

உடைகள் தனியாக அவருடைய பெரியம்மாவிடம் இருந்தன. அந்தப் பெரியம்மா ரயிலில் வந்துகொண்டிருந்தார், போன் அணைந்து கிடந்தது. பெட்டியைக் கட்டியதும் அவர்தானாம். எங்கள் ஆட்களை வாசலில் நிற்கவைத்து, கதவைச் சாத்திக்கொண்டு கட்டி, ஆணி அடித்த பிறகுதான் கொடுத்தாராம். அப்படியானால் வழியில்தான் ஏதோ நடந்திருக்க வேண்டும். அந்த அம்மா கட்டம் போட்ட துண்டைத் தூக்கிப் பார்த்தார்.

"இது எங்க வீட்டுத் துணி இல்லையே."

மச்சான் என்னைப் பார்த்தான். அது அவன் தோளில் தினமும் கிடக்கிற துண்டு.

"என்னுதுதான் மேடம்" என்றான்.

"அப்போ நடுவுல பெட்டியைத் தொறந்தீங்களா?"

"மலை எறக்கத்துல வண்டி குதிச்சுச்சு. மூடி பேந்துக்கிச்சு. ஓரமா நிறுத்தி வைக்கோல சொருவி, திருப்பி ஆணி அட்ச்சேன். அவ்ளோதான் மேடம்."

"இதை ஏன் முதல்லயே சொல்லல?"

பெட்டியை நடுவில் திறந்தால் கம்பெனியில் சீட்டைக் கிழித்துவிடுவார்கள், அதனால்தான் சொல்லவில்லை என்று எனக்குத் தெரியும். ஆனால் பார்க்கிறவர்களுக்கு அது எப்படித் தெரியும்? அந்த அம்மா அழுதார். சத்தம் போட்டிருந்தாலாவது தாங்கியிருப்பேன். "எங்க அம்மா சாகுறப்போ இதை மட்டும் விட்டுடாதேன்னு சொன்னாங்க அண்ணா. பெரியம்மா வந்து கேட்டா நான் என்ன சொல்லுவேன்? நான் ஸ்டேஷனுக்குத்தான் போகணும், வேற வழியில்ல" என்றார்.

முதலாளிக்குப் போன் செய்தேன். அவர் முழுசாகக் கேட்கவே இல்லை. "பழைய சிலைக்கு எவ்ளோ கிராக்கின்னு தெரியுமாய்யா உனக்கு? உன் மச்சான்னு பாக்காத. சாயங்காலத்துக்குள்ள சிலை வரணும். இல்லைன்னா நீயே கூட்டிகினு போய் அவனை ஸ்டேஷன்ல உக்கார வெச்சுட்டு வந்துரு" என்று வைத்துவிட்டார்.

படியிறங்கும்போது என் தலைக்குள் என்னென்னவோ ஓடியது. கரையான் தின்றிருக்குமா? தலையையும் கையையும் மட்டும் விட்டுவிட்டா தின்னும்? மெழுகு உடம்பாக இருந்து வெயிலில் உருகிவிட்டதா? உருகினால் வைக்கோலில் ஒட்டியிருக்காதா? கோவாக்காரர்களே கொடுக்காமல் ஏமாற்றினார்களா? அந்தப் பெரியம்மா எதற்குத் தன் வீட்டுச் சாமியைத் தானே ஏமாற்றுவார்? ஒவ்வொன்றையும் தள்ளிவிட்டால் மிச்சம் இருந்தது மச்சான் ஒருத்தன்தான். அதை நினைக்கவும் முடியவில்லை, நினைக்காமல் இருக்கவும் முடியவில்லை.

டிரைவர் டீக்கடைக்குப் போயிருந்தார். லாரியின் பின்பக்கம் மச்சான் பேக்கிங் கட்டைகள் மேல் உட்கார்ந்து, காலைத் தொங்கப்போட்டுக்கொண்டு, ஒரு பன்னைக் கையில் வைத்திருந்தான். தின்னவில்லை.

"இன்னா மாமா, நீயும் என்னிய அப்டியே பாக்குற?"

"நான் எங்கடா பாக்குறேன்."

"பாக்குற. அக்காக்கு போன் போட்டியா?"

"இல்ல."

"போடாத, அது அழும். மாமா, நானே தூக்கினேன்னே வெச்சுக்க. மாதா உடம்ப தூக்கிகினு போய் இன்னா பண்ணுவேன்? ஊட்ல டிவி பக்கத்துல நிக்க வெப்பனா?"

எனக்குச் சிரிப்பு வந்தது, கூடவே பயமும் வந்தது. "ஏத்துறப்போ எடை எப்படி இருந்துச்சு?" என்றேன்.

"அப்பவே லேசாத்தான் கீது. அந்த ஊர் ஆளு கையில சொன்னேன், இன்னாபா காலிப் பெட்டியான்னு. அவன் நம்ம பாஷ தெரியாம தலையாட்டினான்." காலால் கட்டையைத் தட்டினான். "ஸ்டேஷன்ல உக்கார வெச்சா பசங்க கையில சொல்லாத மாமா. வெளியூர் லோடு போயிருக்கேன்னு சொல்லிடு."

பசங்க என்றால் நீங்கள்தான்.

மத்தியானம் தாண்டி பெரியம்மா வந்து சேர்ந்தார். குள்ளமான அம்மா, முழங்கால் வரைக்கும் கவுன், ஒரு கையில் கறுப்புக் குடை, மார்போடு அணைத்த பெரிய பை. வாசலில் வீட்டுக்கார அம்மா கண்ணீரோடு ஏதோ கொங்கணியில் சொல்ல ஆரம்பித்தார். பெரியம்மா அதைக் கேட்கவில்லை. சாப்பாட்டு மேஜையைப் பார்த்தார். அங்கே தண்ணீர் பாட்டிலுக்கும் லேப்டாப்புக்கும் நடுவில் அந்த முகம் இருந்தது. நானும் என் பின்னால் வந்த மச்சானும் அதைப் பார்த்தபடி நின்றோம்.

பெரியம்மா ஹாலுக்கு நடுவிலேயே குடையை விரித்தார். விரித்து, மேஜைக்கு முன்னால் பிடித்து, முகத்தை எங்களிடமிருந்து மறைத்தார். குடைக்கு மேலாக எங்களைப் பார்த்துத் திட்டினார். மொழி புரியவில்லை, திட்டு புரிந்தது.

வீட்டுக்கார அம்மாவுக்கும் ஒன்றும் புரியவில்லை. "உடம்பு போச்சுன்னு சொன்னா, அதுக்கு ஒண்ணுமே சொல்ல மாட்டேங்கிறாங்க. யார் யார் பார்த்தீங்கன்னு கேக்குறாங்க அண்ணா. ஆம்பளைங்க மாதாவை டிரஸ் இல்லாம பார்க்கக்கூடாதாம்."

"டிரஸ் போடுறதுக்கு உடம்பே இல்லியே மேடம்" என்று மச்சான் வாய்விட்டான். நான் அவன் காலை மிதித்தேன்.

பெரியம்மா மேஜையிலிருந்து துண்டை எடுத்து, யாருடையது என்று கேட்டார். மறுபடியும் வந்துவிட்டது வினை என்று நினைத்தேன்.

"என்னுதும்மா" என்றான் மச்சான். "மூடி தெறந்துகிச்சு இல்ல, அப்போ மூஞ்சி தெரிஞ்சுது. அழுதுகினு இருந்துச்சு. ரோட்ல போறவன் வர்றவன்லாம் வண்டிய நிறுத்திட்டு எட்டிப் பார்த்தானுங்க. பாவமா இருந்துச்சும்மா, அதான் துண்ட போட்டு மூடிட்டேன். நான்கூட அப்பால பாக்கல."

வீட்டுக்கார அம்மா அதைக் கொங்கணியில் சொன்னார். பெரியம்மா துண்டை நான்காக மடித்துத் தன் பைக்குள் வைத்தார். பிறகு ஏதோ கேட்டார்.

"கட்டைங்க எங்கன்னு கேக்குறாங்க."

"எந்தக் கட்டை மேடம்?" என்றேன்.

"கயிறு கட்டின சட்டம். நீலப் பெயிண்ட் அடிச்சது. ஒரு வளையம் இருக்குமாம்." சொல்லச் சொல்ல அந்த அம்மாவின் குரல் மாறியது. "அண்ணா... அதுதான் உடம்பாம்."

நீலப் பெயிண்ட். எங்கேயோ பார்த்தேனே. திரும்பினால் மச்சானைக் காணோம், எப்போதோ கீழே போயிருந்தான். பால்கனிக்கு ஓடி எட்டிப் பார்த்தேன். லாரியில் பழைய இடத்திலேயே உட்கார்ந்து அந்தப் பன்னைப் பிய்த்துக்கொண்டிருந்தான்.

"டேய் மச்சான், எழுந்திர்றா!"

"இன்னா மாமா, போலீஸ் வந்துட்டானா?"

"முதல்ல எழுந்திர்றா! நீ உக்காந்துகினு இருக்கியே, அதாண்டா உடம்பு!"

அவன் எழுந்த வேகத்தில் பன் ரோட்டில் விழுந்தது. தான் உட்கார்ந்த இடத்தை ஒரு தரம் பார்த்து, கன்னத்தில் போட்டுக்கொண்டான். பிறகு அந்தச் சட்டங்களைத் தோளில் சாய்த்து, கைக்குழந்தையைத் தூக்குவது போல மேலே கொண்டு வந்தான்.

எங்களை வெளியே நிறுத்தி அறைக்கதவைச் சாத்தினார்கள். அந்த வீட்டில் மாதாவுக்கு உடை மாற்றுவதெல்லாம் வயதான பெண்கள்தான், அதுவும் கதவைச் சாத்திக்கொண்டு. சின்னப் பெண்களுக்குக்கூட அனுமதியில்லை. அதனால்தான் பிறந்ததிலிருந்து கும்பிட்ட மகளுக்கே உள்ளே என்ன இருக்கிறது என்று தெரியவில்லை. அம்மா இடத்தில் இன்று நீதான் என்று சொல்லி, பெரியம்மா அவரை முதல் தடவையாக உள்ளே கூப்பிட்டுக்கொண்டார்.

கதவுக்கு அந்தப் பக்கம் பெரியம்மா ஏதோ பாடினார். பாட்டா, பேச்சா என்று பிரிக்க முடியவில்லை. ஒரு அடி கேள்வி கேட்பது போல ஏறும், அடுத்த அடி இறங்கும். நம் பக்கத்து ஒப்பாரி மாதிரியும் இருந்தது, வக்கீல் வாதாடுகிற மாதிரியும் இருந்தது. நாங்கள் இருவரும் சுவரோரம் நின்று கேட்டோம். மச்சான் உட்காரவே இல்லை.

கதவு திறந்தது.

பிள்ளைகளா, இதைத்தான் எனக்குச் சரியாக எழுதத் தெரியவில்லை. அங்கே ஒரு பெண் நின்றுகொண்டிருந்தாள். தரை வரை மடிப்பு மடிப்பாக விழும் கறுப்பு வெல்வெட், ஓரமெல்லாம் தங்க ஜரிகை. நெஞ்சில் ஏழு வெள்ளிக் கத்திகள் விசிறியாகக் குத்தியிருந்தன, மாதாவின் ஏழு துக்கத்துக்கு ஏழாம். ஒரு கையில் வெள்ளைக் கைக்குட்டை. காலையில் முறிந்த கழுத்து என்று நினைத்தேனே, அது முறியவில்லை. பிள்ளையை இழந்தவள் வானத்தைப் பார்த்து ஏன் என்று கேட்கிற சாய்வு அது. துணிக்குள் தோள் இருந்தது, இடுப்பு இருந்தது. ஒரு முழங்கால் லேசாக மடங்கியிருந்தது. உள்ளே நாலு சட்டமும் ஒரு வளையமும்தான், நானே பார்த்தேன், மச்சான் அதன் மேல் உட்கார்ந்தே இருந்தான். தெரிந்தும் என் கண்ணுக்கு உடம்புதான் தெரிந்தது. கண்ணைக் கசக்கிப் பார்த்தேன், அப்போதும் அப்படித்தான்.

அந்த அம்மா சட்டைக் கையில் குத்திய ஊசிகளோடு வெளியே வந்தார். "நானும் இப்பதான் பார்த்தேன் அண்ணா. உள்ள ஒண்ணுமே இல்ல" என்று மெதுவாகச் சொன்னார். போர்த்துக்கீசியர் ஆண்ட இடங்களிலெல்லாம், கடல் தாண்டி பிரேசிலில்கூட, ஊர்வலத்துக்குத் தூக்கிப் போகும் சிலைகளை இப்படியும் செய்வார்களாம். பரோக் என்று அந்தக் காலத்துக் கலைக்குப் பெயராம். பெரிய வெள்ளியன்று பாதிரியார் மணிக்கணக்காகப் பிரசங்கம் செய்வாராம். அழவைப்பதற்கென்றே அடுக்கடுக்காகச் சொற்களைக் கோத்து வைத்திருப்பாராம். சரியான ஒரு சொல்லில் திரை விலகும். பின்னால் ஒருவர் கயிற்றை இழுக்க, மாதா கையைத் தூக்குவாள். கோயிலே கதறுமாம்.

"கயிறு இழுக்குறது ஜனங்களுக்குத் தெரியாதா மேடம்?" என்று கேட்டேன்.

"தெரியும்னுதான் நினைக்கிறேன்" என்றார்.

"தெரிஞ்சுமா அழுவாங்க?"

அவர் சிலையைப் பார்த்தார். அவரும் அழுதுகொண்டுதான் இருந்தார்.

பாட்டுக்கு அர்த்தம் கேட்டேன். யார் எழுதியது என்று தெரியாது, வீட்டுப் பெண்கள் வழிவழியாகப் பாடுவது, பழைய போர்த்துக்கீசியம், தனக்கே பாதிதான் புரியும் என்று சொல்லி, புரிந்ததைச் சொன்னார். ஒரு துக்கத்துக்கு ஏன் இரண்டு கண் அழ வேண்டும் என்று பாட்டு கேட்கிறதாம். ஒரு கண் செத்த மகனுக்காக அழுகிறது, இன்னொரு கண் அந்தக் கண்ணைப் பார்த்து அழுகிறது என்று பதிலும் அதுவே சொல்கிறதாம். எனக்கு மண்டை சுற்றியது. அழுகிற நேரத்தில் யார் இப்படியெல்லாம் யோசிப்பார்கள்? ஆனால் அன்றிலிருந்து அந்த இரண்டு கண்ணும் என்னை விடவில்லை.

பிறகு அவர் மச்சானிடம் திரும்பினார். "அண்ணா, நான் ஸ்டேஷன்னு சொன்னது..."

"உடுங்க மேடம். நானே மேல ஏறி உக்காந்துட்டேன், அதுக்கு நீங்க ஒண்ணும் சொல்லலியே." கொஞ்சம் தயங்கி, "என் துண்டு மட்டும் குடுத்தா கெளம்பிடுவேன்" என்றான்.

அந்த அம்மா பெரியம்மாவைக் கேட்டார். பெரியம்மா சிலையின் இடுப்பைத் தொட்டுக் காட்டினார். வளையம் வெல்வெட்டை உரசிக் கிழிக்காமல் இருக்க அதன் மேல் சுற்றித் தைத்துவிட்டாராம். துண்டு உள்ளே இருக்கிறது, மாதாவோடு இருக்கட்டும் என்றார். மச்சான் வெறும் தோளைத் தடவிக்கொண்டே லிஃப்ட்டை மறந்து படியிறங்கிப் போனான்.

முதலாளி மறுபடி கூப்பிட்டார். "கெடைச்சுதாய்யா? எங்க இருந்துது?"

"எங்கயும் போகல சார்" என்றேன். வேறு என்ன சொல்வது என்று தெரியவில்லை.

இன்றுவரை எனக்கு அது முழுசாகப் புரியவில்லை. உடம்பு என்பது அந்தச் சட்டமா, துணியா, பார்த்த எங்கள் கண்ணா? இல்லாத உடம்பைத் தேடி, என்னோடு பத்து வருடம் ஒரே லாரியில் போய்வந்தவனைக் கொஞ்ச நேரம் யாரோ மாதிரி பார்த்தேனே, அது எப்படி நடந்தது? உங்களுக்குப் புரிந்தால் எனக்குச் சொல்லுங்கள்.

சாயங்காலம் கொட்டகையில் பைக்கை நிறுத்தியபோது யாரும் இல்லை. காலையில் விட்டுப்போன மழைக்கோட்டு மூங்கிலில் தொங்கிக்கொண்டிருந்தது. கோட்டுக்காக நீட்டிய கை அப்படியே நின்றுவிட்டது. ஆடி மாதம் நம் தெருவில் ஊர்வலம் வருகிறாளே அம்மன், மஞ்சள் சேலை கட்டி, கண்ணை உருட்டிக்கொண்டு, மாமா முன்பக்கம் தோள் கொடுத்துத் தூக்குவானே, அவள் முகம் பெட்டியில் பூட்டியிருக்கிறது. மிச்சம் முழுக்க இந்த மூங்கில் கூடுதான். இத்தனை வருடமாக அவள் தோளில்தான் நான் ஈரக்கோட்டை மாட்டியிருக்கிறேன். கோட்டை எடுத்தேன். சொட்டியிருந்த ஈரத்தைத் துடைத்தேன். பிறகு என் தோளில் கிடந்த துண்டை உதறி, அந்தக் கூட்டின் மேல் போர்த்திவிட்டு, கோட்டைக் கையில் பிடித்துக்கொண்டு வீட்டுக்கு நடந்தேன்.